ஜாங்கோவின் 1938 படத்தில் தெரியும் விரல்களை நம்பலாமா?

ரெண்டுவிரல்:

எல்லாருக்கும் வணக்கம். நீளமாகக் கேட்கப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் தகடு வெட்டும் பட்டறையில் வேலை பார்த்தவன். ஆறு வருஷத்துக்கு முன்னால் பவர் பிரஸ்ஸில் இடது கை மாட்டிக்கொண்டது. மோதிர விரலும் சுண்டு விரலும் போகவில்லை, ஆனால் நீட்டவும் வரவில்லை. குளிரில் சுருண்ட மரவட்டை மாதிரி உள்ளங்கைப் பக்கம் மடங்கியே கிடக்கும். அதற்கு முன்பு சர்ச்சில் பதினோரு வருஷம் கிட்டார் வாசித்தேன். பெரிய வித்தை ஒன்றும் இல்லை, பாட்டுக்குக் கார்டு (பல கம்பிகளைச் சேர்த்து ஒலிக்கவிடுவது) பிடிப்பேன், அவ்வளவுதான். விபத்துக்கு அப்புறம் கிட்டாரைப் பீரோ மேலே போட்டுவிட்டேன். நாலு வருஷம் தொடவில்லை.

போன கிறிஸ்துமஸுக்கு வந்த அக்கா மகன் போனில் ஒரு வீடியோ காட்டினான். "மாமா, இந்த ஆள் கையைப் பாருங்க" என்றான். கறுப்பு வெள்ளை. மெல்லிய மீசை வைத்த ஒருவர் கிட்டார் வாசிக்கிறார், பக்கத்தில் வயலின். நடுவில் இடது கையை மட்டும் கேமரா நெருக்கத்தில் காட்டுகிறது. ஆட்காட்டி விரலும் நடு விரலும் கழுத்து மேலே ஓடுகின்றன. மற்ற இரண்டும் என்னுடையது மாதிரியே மடங்கி நிற்கின்றன. அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் இல்லை.

அது ஜாங்கோ ரைன்ஹார்ட் என்ற ஜாஸ் கிட்டார்காரர், பாட்டு 'ஜாத்தான்ரே', வயலின் ஸ்டெஃபான் கிராப்பெல்லி என்பதெல்லாம் பிறகு தேடித் தெரிந்துகொண்டேன். அதைக் கால் வேகத்தில் ஓடவிட்டு, எந்த விரல் எந்தக் கம்பியில் எந்த பிரெட்டில் (கழுத்தின் குறுக்குக் கட்டத்தில்) என்று ஒரு கோடு போட்ட நோட்டில் எழுதிக்கொண்டு வருகிறேன். பதினான்கு பக்கம் ஆகிவிட்டது. இப்போது மூன்று இடத்தில் நிற்கிறேன்.

ஒன்று, சேர்ந்து வாசிக்கப் போனால் சுருதி சேரவில்லை. என் கிட்டாரை டியூனரில் சரியாக வைத்தும் வீடியோ மேலே போகிறது. அரைக் கட்டை ஏற்றினால் இப்போது நான் மேலே போகிறேன்.

இரண்டு, சில இடங்களில் கையும் ஒலியும் ஒட்டவில்லை. நம் ஊர்ப் படங்களில் கதாநாயகன் வீணை வாசிக்கிற மாதிரி முன்பே பதிந்த பாட்டுக்குச் சும்மா விரலை ஆட்டியிருந்தால், என் பதினான்கு பக்கமும் குப்பைதானே?

மூன்று, அந்த மடங்கின இரண்டு விரலையும் அவர் எதற்காவது பயன்படுத்துகிறாரா? உண்மையில் எனக்குத் தெரிய வேண்டியது இது ஒன்றுதான்.

பழையரீல்:

தம்பி, கிட்டார் எனக்குத் தெரியாது. ஆனால் படச்சுருளோடு முப்பத்தெட்டு வருஷம் குடித்தனம் நடத்தியவன். என் அப்பாவும் தியேட்டர் ஆபரேட்டர்தான். அதனால் முதல் இரண்டு கேள்விக்கும் நான் பதில் சொல்லலாம் என்று நினைக்கிறேன்.

சுருதி விஷயம் எளிது. ஒலியோடு கூடிய படம் வினாடிக்கு 24 பிரேம் ஓடும். ஐரோப்பியத் தொலைக்காட்சி வினாடிக்கு 25 பிரேம். அங்கே பழைய படத்தை டிவிக்கு மாற்றும்போது 24 ஐ 25 ஆக ஓட்டிவிடுவார்கள். படம் நூற்றுக்கு நாலு பங்கு வேகமாகும், பார்க்கிறவருக்குத் தெரியாது. ஆனால் ஒலியும் கூடவே ஏறும். கணக்குப் போட்டால் ஒரு செமிடோனில் (கிட்டாரில் ஒரு பிரெட் தள்ளினால் வரும் சுருதி வித்தியாசம்) பத்தில் ஏழு பங்கு. நீங்கள் ஏற்றின அரைக் கட்டை முழு செமிடோன், அதனால்தான் தாண்டிப் போய்விட்டீர்கள். கிட்டாரைத் தொடாதீர்கள். வீடியோவின் ஒலியை ஆடாசிட்டி மாதிரி ஓர் ஒலித் திருத்த மென்பொருளில் போட்டு வேகத்தை 96 சதவீதமாகக் குறையுங்கள். 'ஸ்பீடு' என்பதைக் குறைக்க வேண்டும், 'டெம்போ'வை அல்ல. டெம்போவைக் குறைத்தால் தாளம் மட்டும் மெதுவாகும், சுருதி அப்படியே நிற்கும்.

அடுத்தது ஒட்டாமை. 35 மில்லிமீட்டர் சுருளில் ஒரு பிரேமின் ஒலி அந்த பிரேமுக்குப் பக்கத்திலேயே இருக்காது. புரொஜெக்டரில் படம் காட்டுகிற வாசல் ஒரு இடம், ஒலியைப் படிக்கிற விளக்கு கீழே இன்னொரு இடம். அதனால் ஒலியைச் சுமார் 20 பிரேம் முன்னால் தள்ளிப் பதிவார்கள். ஆபரேட்டர் சுருளை மாட்டும்போது நடுவில் விடுகிற வளையத்தைச் சின்னதாகவோ பெரிதாகவோ விட்டால் வாய் ஒரு பக்கம், வசனம் ஒரு பக்கம். அப்பா என்னை முதன்முதலில் அடித்தது அந்த வளையத்துக்குத்தான். படத்தைப் பிரதி எடுக்கும்போதும் இதே தப்பு நடக்கும், அந்தப் பிரதியிலிருந்து எடுத்த எல்லாவற்றிலும் அது தொற்றிக்கொண்டே வரும்.

எனவே இப்படிச் சோதியுங்கள். கிட்டார் வேண்டாம், வயலின் வில்லைப் பாருங்கள். வில் திசை மாறுகிற இடம் கண்ணுக்கும் காதுக்கும் நன்றாகத் தெரியும். ஒலி எத்தனை பிரேம் முந்துகிறது என்று நாலைந்து இடத்தில் எண்ணுங்கள். எல்லா இடத்திலும் ஒரே எண் வந்தால் அது பிரதியின் கோளாறு, ஒலியை நகர்த்தினால் சேர்ந்துவிடும். ஷாட்டுக்கு ஷாட் எண் மாறினால், வெவ்வேறு தடவை எடுத்ததை வெட்டி ஒட்டியிருக்கிறார்கள் அல்லது பதிந்த ஒலிக்கு வாசித்திருக்கிறார்கள் என்று அர்த்தம். அந்தக் காலத்தில் அது அதிசயமே இல்லை. கேமரா இரைச்சல் போடும், மைக்கைப் படத்தில் தெரியாமல் வைக்கவும் வேண்டும்.

இன்னொன்று, உங்கள் கேள்விக்குச் சம்பந்தம் இல்லாதது. உங்கள் பதிவைப் படித்துவிட்டு அந்த ஆளைப் பற்றித் தேடினேன். அவர் கை 1928 இல் தீயில் வெந்தது, அப்போது வயது 18. பாரிஸ் ஓரத்தில் சாந்துவான் பக்கம் குடும்பம் வண்டியில் வசித்தது. மனைவி விற்பதற்காகச் செய்து வைத்திருந்த செலுலாய்டு பூக்கள் வண்டி நிறைய. மெழுகுவத்தி விழுந்து பிடித்துக்கொண்டது. படித்ததும் எனக்குத் திக்கென்றது. 1930களின் சினிமா பிலிமும் அதே ஜாதிப் பொருள்தான், நைட்ரேட். தானே ஆக்சிஜன் விட்டு எரியும், தண்ணீரில் முக்கினாலும் அணையாது. கேபினுக்குள் தீப்பெட்டியோடு நுழைந்த ஒரு பையனை அப்பா வேலையை விட்டே அனுப்பினார். அவர் கையைச் சுட்ட சரக்கில்தான் அவர் கை பதிவாகியிருக்கிறது.

லாசப்பல்:

வணக்கம் ரெண்டுவிரல் அண்ணை. நான் பாரிஸில் இருக்கிறேன். இருபது வருஷமாக இந்த இசையின் பின்னால் திரிகிறேன், வாசிப்பது சுமார்தான்.

உங்கள் மூன்றாவது கேள்விக்கு முதலில். ஆம், பயன்படுத்துகிறார். தனி வாசிப்பு முழுக்க ஆட்காட்டியும் நடுவிரலும். ஆனால் கார்டு பிடிக்கும்போது அந்த மடங்கிய விரல்களை மேல் ஸ்தாயியில் ஒலிக்கும் மெல்லிய கம்பிகளில் சாய்த்துவிடுவார். விரல் தானாக நீளத் தேவையில்லை, கையைத் திருப்பி அதன் மேல் பாரத்தைப் போட்டால் போதும். கட்டைவிரலைக் கழுத்துக்கு மேலால் வளைத்து ஆறாம் கம்பியையும், அதாவது தடித்த கம்பியையும், பிடிப்பார். நீங்கள் சர்ச்சில் பழகிய பார் கார்டை (ஒரு விரலைக் குறுக்கே படுக்க வைத்துப் பிடிப்பது) மறந்துவிட்டு இதைப் பாருங்கள்: ஐந்தாம் பிரெட்டில் ஏ மைனர் சிக்ஸ் என்ற கார்டு. ஆறாம் கம்பி ஐந்தில் நடுவிரல், அதன் நுனி ஐந்தாம் கம்பியைத் தொட்டு ஊமையாக்க வேண்டும். நாலாம் கம்பி நாலில் ஆட்காட்டி. மூன்றாம், இரண்டாம் கம்பிகள் இரண்டையும் ஐந்தாம் பிரெட்டில் மோதிர விரல் படுத்து அமுக்க வேண்டும். மடங்கிய விரலுக்கென்றே செய்த கார்டு மாதிரி இருக்கும். முதல் வாரம் கர்ர் என்றுதான் கேட்கும்.

தனி வாசிப்பில் அவர் குறுக்கே குறைவாகவும், கழுத்தின் நீளத்துக்கு அதிகமாகவும் போவார். நாலு விரல் உள்ளவன் ஒரே இடத்தில் நின்று எட்டிப் பிடிப்பதை இவர் ஓடிப் பிடிக்கிறார். டிமினிஷ்டு ஆர்பெஜியோவில் (அந்த வகைக் கார்டின் ஸ்வரங்களை ஒவ்வொன்றாக வாசிப்பது) ஒரே வடிவம் மூன்று பிரெட்டுக்கு ஒருமுறை திரும்பி வரும். இரண்டு விரலுக்கு ஒரு வடிவம் பழகினால் போதும், அதையே மேலே தள்ளிக்கொண்டு போகலாம். வலது கையையும் கவனியுங்கள். மணிக்கட்டு வளைந்து அந்தரத்தில் நிற்கும், பலகையில் ஊன்றாது. புதுக் கம்பிக்கு மாறும்போதெல்லாம் கம்பியை மீட்டும் பிக் கீழ்நோக்கித்தான் இறங்கும். அந்தச் சத்தத்தில் பாதி அங்கேதான்.

படம் உண்மையா பொய்யா என்ற கேள்வி பற்றி: பதிந்த ஒலிக்கு வாசித்திருந்தாலும் உங்கள் நோட்டு குப்பை ஆகாது. வாசிப்பது அதே மனிதர், அதே கை. எந்த ஸ்வரம் என்பதில் படம் ஏமாற்றலாம். அந்த விரல்கள் எப்படி மடங்குகின்றன, கார்டுக்கு எப்படிச் சாய்கின்றன, எந்த இடத்தில் ஒதுங்கி நிற்கின்றன என்பதை அவர் நடிக்க முடியாது. கையை இவ்வளவு கிட்டத்தில் ஒரு பாட்டில் பார்க்கக் கிடைப்பது இந்தப் படத்தில்தான்.

அந்தப் படம் ஏன் வந்தது என்பதே ஒரு கதை. 1938 இல் இந்தக் குழு பிரிட்டனுக்குச் சுற்றுப்பயணம் போனது. அதற்காக லூ கிரேடு என்ற ஏஜென்ட் ஏற்பாடு செய்த விளம்பரப் படம் இது. பின்னாளில் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் பெரிய முதலாளியானவர் அவர். தொடக்கத்தில் ஒரு பெரிய ஆர்கெஸ்ட்ரா வாசிக்க, ஒருவர் ஆங்கிலத்தில் ஜாஸ் என்றால் என்ன என்று வகுப்பு எடுப்பார். பலர் அதை வெட்டிவிட்டுத்தான் இணையத்தில் ஏற்றுகிறார்கள். முழுசாகக் கிடைத்தால் பாருங்கள், சிரிப்பு வரும். டிரம்ஸ் இல்லை, டிரம்பெட் இல்லை, மூன்று கிட்டார், ஒரு வயலின், ஒரு பாஸ். இதையும் ஜாஸ் என்று சொல்வதற்கு அந்தக் காலத்தில் விளக்கவுரை தேவைப்பட்டிருக்கிறது.

மூன்று கிட்டார் ஏன் என்பதற்கு கிராப்பெல்லி சொன்ன காரணம் எனக்குப் பிடிக்கும். 1934 இல் கிளாரிஜ் ஹோட்டலில் வாசிக்கும்போது இடைவேளைகளில் மேடைக்குப் பின்னால் இருவரும் விளையாட்டாகத் தொடங்கியதுதான் இந்தக் குழு. முதலில் ஜாங்கோவும் அவர் தம்பி ஜோசப்பும் மட்டும் கிட்டார். வயலின் தனியாக வாசிக்கும்போது பின்னால் இரண்டு கிட்டார், தான் தனியாக வாசிக்கும்போது ஒன்றே ஒன்று என்று ஜாங்கோ குறைப்பட்டாராம். மூன்றாவது கிட்டார் அப்படி வந்தது.

இங்கே லா வில்லெத்தில் உள்ள இசை அருங்காட்சியகத்தில் ஜாங்கோவின் செல்மர் கம்பெனி கிட்டார் இருக்கிறது, 503 ஆம் எண். கண்ணாடிக்கு முன்னால் நெடுநேரம் நின்றிருக்கிறேன். ஆனால் அது 1940 இல் செய்தது. நீங்கள் பார்க்கும் படத்தில் இருப்பது அது இல்லை. சாந்துவான் பழைய பொருள் சந்தைப் பக்கம் சனி ஞாயிறுகளில் இந்த இசை வாசிக்கும் கடை ஒன்று உண்டு. அங்கே நாலு விரலும் நல்லாயிருக்கிற பெடியள் சிலர் வேண்டுமென்றே இரண்டு விரலால் வாசிப்பதைக் கண்டேன். ஏன் என்று கேட்டால், "அப்போதுதான் அந்தச் சத்தம் வருகிறது" என்கிறார்கள்.

கிராப்பெல்லி நமக்கும் அவ்வளவு தூரத்து ஆள் இல்லை. 1984 இல் வயலின் கலைஞர் எல். சுப்பிரமணியத்தோடு சேர்ந்து ஓர் இசைத்தட்டு வெளியிட்டார். சுப்பிரமணியத்தின் தகப்பனார் லட்சுமிநாராயணா யாழ்ப்பாணத்தில் இசை கற்பித்தவர். எங்கள் அம்மம்மா அதைச் சொல்லிச் சொல்லியே என்னை வயலின் வகுப்புக்குத் துரத்தினார், நான் கிட்டாருக்கு ஓடிவிட்டேன்.

கரும்பலகை:

மேலே உள்ளவர் "கை நடிக்க முடியாது" என்று சொன்னதை ஏற்கிறேன். ஆனால் அந்தக் கால ஐரோப்பிய ஸ்விங் (அப்போதைய ஜாஸ் பாணி) படங்களை நம்புவதில் கொஞ்சம் நிதானம் வேண்டும்.

1944 இல் தெரேசியன்ஸ்டாட் முகாமில் நாஜிகள் ஒரு படம் எடுத்தார்கள். யூதர்கள் அங்கே சுகமாக இருக்கிறார்கள் என்று உலகத்துக்குக் காட்ட. இயக்கியவர் குர்ட் கெரோன், அவரே அங்கே கைதி. அதில் 'கெட்டோ ஸ்விங்கர்ஸ்' என்ற கைதிகளின் ஜாஸ் குழு திறந்தவெளி மேடையில் வாசிக்கிறது. சுற்றி நல்ல உடுப்பு போட்ட கூட்டம். ஜாஸை இழிவான இசை என்று திட்டிய அதே ஆட்சி, தேவைப்பட்டபோது அதைக் கேமரா முன்னால் நிறுத்தியது. படப்பிடிப்பு செப்டம்பரில் முடிந்தது. அக்டோபரில் கெரோனை ஆஷ்விட்ஸ் கொலை முகாமுக்கு அனுப்பிக் கொன்றார்கள். குழுவினர் பலரும் அதே ரயில்களில்தான் போனார்கள்.

அந்தக் குழுவில் டிரம்ஸ் வாசித்த கோகோ ஷூமான் உண்மையில் கிட்டார்காரர். பெர்லின் இளைஞர், அப்போது வயது 20. ஆஷ்விட்ஸையும் தாண்டிப் பிழைத்துவந்து, பெர்லினில் மறுபடி கிட்டார் எடுத்து, 2018 வரை வாழ்ந்தார். அவரைத் தேடிக் கேளுங்கள்.

மற்றபடி ரெண்டுவிரல், வீடியோவைக் கால் வேகத்தில் பார்ப்பதைக் குறைத்துவிட்டுக் காதால் கேளுங்கள். ஜாங்கோவே அப்படித்தான். 1931 இல் துலோனில் எமில் சாவித்ரி என்ற ஓவியர் வீட்டில் அமெரிக்க டிரம்பெட் கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ராங்கின் இசைத்தட்டுகளைக் கேட்டுத்தான் ஜாஸ் பக்கம் திரும்பினார். அவர் நோட்டு எழுதவில்லை, எழுதப் படிக்கவும் அவருக்குச் சரியாக வராது.

பழையரீல்:

கரும்பலகை ஐயா, அந்த ஆம்ஸ்ட்ராங்கே 1933 இல் கோபன்ஹேகனில் ஒரு டேனிஷ் படத்துக்காக மூன்று பாட்டு வாசித்திருக்கிறாரே. என் பேத்தி போட்டுக் காட்டினாள். கைக்குட்டையும் டிரம்பெட்டும் ஒரே கையில், மேடையில் நிற்கவே மாட்டேன் என்கிறார். ஒலி என்ன சுத்தம்! ஐந்து வருஷம் பிந்தி வந்த ஜாங்கோ படத்தைவிட அது நன்றாக இருக்கிறது. ஆகக் கருவி மீது மட்டும் பழி போட முடியாது.

தம்பி நோட்டு எழுதட்டும், விடுங்கள். வேலை பழகிய கை, அளவு குறிக்காமல் அதற்கு ஓடாது.

ரெண்டுவிரல்:

எல்லாருக்கும் நன்றி. பத்து நாள் கழித்து எழுதுகிறேன், முழுசாகச் சோதித்துவிட்டு எழுத வேண்டும் என்று இருந்தேன்.

96 சதவீதத்தில் போட்டதும் சுருதி பசை போட்ட மாதிரி ஒட்டிக்கொண்டது. பழையரீல் ஐயா, உங்களுக்கு ஒரு பெரிய கும்பிடு. மூன்று மாதமாக என் காதுதான் கெட்டுவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். பிரஸ் சத்தத்தில் வேலை பார்த்தவனுக்கு அந்தப் பயம் எப்போதும் உண்டு.

வில்லையும் எண்ணினேன். என்னிடம் இருக்கும் பிரதியில் எண் ஷாட்டுக்கு ஷாட் கொஞ்சம் மாறுகிறது. லாசப்பல் தம்பி சொன்னதற்கு அப்புறம் அது என்னை அவ்வளவாக உறுத்தவில்லை. நோட்டில் ஸ்வரம் எழுதின பக்கங்களை அடித்துவிட்டேன். கையின் படம் வரைந்த பக்கங்களை வைத்துக்கொண்டேன், ஐந்து பக்கம் தேறியது.

கரும்பலகை சார், கோகோ ஷூமானைக் கேட்டேன். அந்த முகாம் படத்தின் மிச்சத் துண்டுகளையும் பார்த்தேன். அன்றைக்கு வாசிக்கவில்லை.

ஏ மைனர் சிக்ஸ் பற்றி. மோதிர விரலை நானாகப் படுக்க வைக்கப் பார்த்தவரை வலிதான் மிச்சம். கையைத் திருப்பிப் பாரத்தைப் போடச் சொன்னீர்களே, அதைச் செய்தபோது முழங்கை விலாவை விட்டு வெளியே போனது. நோட்டில் நானே வரைந்த ஜாங்கோ படத்தைப் பார்த்தால் அவர் முழங்கையும் அப்படித்தான் நிற்கிறது. ஏன் என்று அப்போது தெரியாமலே வரைந்திருக்கிறேன். மூன்றாம் கம்பி இப்போது சுத்தமாக விழுகிறது. இரண்டாம் கம்பி இன்னும் கரகரக்கிறது. தையல் போட்ட தழும்பு சரியாக அந்தக் கம்பி மேல்தான் வருகிறது, அங்கே தோல் கட்டி.

லாசப்பல், நீங்கள் என்ன கம்பி போடுகிறீர்கள்? என்னுடையது பன்னிரண்டாம் நம்பர் தடிமன், பழைய செட். பத்துக்கு மாற்றினால் அந்த இடத்தில் அமுங்குமா, இல்லை கம்பி உயரத்தைக் குறைக்க வேண்டுமா?

லாசப்பல்:

பத்து போடுங்கள் அண்ணை. உயரத்தைக் குறைக்காதீர்கள், இந்த வாசிப்புக்குக் கம்பி கொஞ்சம் எழும்பி நின்றால்தான் சத்தம் வரும். தழும்பு கம்பியில் படாதபடி விரலை ஒரு நெல் அளவுக்கு மூன்றாம் கம்பிப் பக்கம் தள்ளிப் பாருங்கள். இரண்டாம் கம்பி விரலின் ஓரத்தில் வரும், ஓரத்தில் எலும்பு கிட்ட இருக்கும், நன்றாக அமுங்கும். அந்த ஐந்து பக்கத்தையும் போட்டோ எடுத்து இங்கே போடுங்கள்.